1258இல் உலகம் என்ன செய்துகொண்டிருந்தது?

ஏ.எல்.லில் வரலாறு படித்தவர்களுக்கு இது தெரிந்திருக்கும். இலங்கை வரலாற்றுக்கு ஒரு கொப்பி, ஐரோப்பிய வரலாற்றுக்கு இன்னொரு கொப்பி. இரண்டிலும் தனித்தனி ஆண்டுகள், தனித்தனி அரசர்கள், பாடமாக்க வேண்டிய தனித்தனிக் காரணங்கள். தம்பதெனியாவில் இரண்டாம் பராக்கிரமபாகு ஆண்டுகொண்டிருந்த நேரத்தில் லண்டனில் யார் ராஜா என்று எங்களை ஒருவரும் கேட்டதில்லை. நாங்களும் கேட்டதில்லை. கேட்டு என்ன, பேப்பருக்கு வராது எண்டுதான் விட்டிட்டம்.

கம்பசுக்கு வந்த பிறகு ஒருநாள் கன்ரீனில் கதை இப்படிப் போனது: எல்லாக் கொப்பிகளையும் ஒன்றாக விரித்து வைத்து, ஒரே ஓர் ஆண்டை மட்டும் குறுக்காக வெட்டிப் பார்த்தால் என்ன? எங்களுக்கு முதலில் நினைவுக்கு வந்தது 1258. பக்தாத் விழுந்த ஆண்டு என்பதால் அது எல்லாருக்கும் பாடமாக இருந்தது. ஒரு பட்டியல் போட்டு முடித்துவிடலாம் என்றுதான் தொடங்கினோம். பட்டியல் எங்களை எதிர்பாராத ஓர் இடத்துக்குக் கொண்டுபோனது. அதைத்தான் இங்கே எழுதுகிறோம்.

முதலில் ஒன்றைச் சொல்லிவிட வேண்டும். 1258இல் வாழ்ந்த பெரும்பாலான மக்களுக்கு அது 1258 இல்லை. பக்தாதில் அது ஹிஜ்ரி 656. யப்பானில் ஷோகா என்ற காலப்பகுதியின் இரண்டாம் ஆண்டு. தமிழ்க் கல்வெட்டுகளில் இன்ன அரசனுக்கு இத்தனையாவது ஆட்சியாண்டு. நமது அறுபதாண்டு வட்டத்தில் எண்ணிக்கொண்டு போனால் சித்திரையில் பிறந்தது காளயுக்தி வருடம். ஆக, 'ஒரே ஆண்டு' என்பதே பின்னால் வந்த நாங்கள் போடுகிற கோடு. ஆனாலும் அந்தக் கோட்டைப் போட்டால்தான் சில விஷயங்கள் கண்ணில் படுகின்றன.

ஒரே கிழமை, இரண்டு நகரங்கள்

1258 ஜனவரி 29. மொங்கோலியத் தளபதி ஹூலாகுவின் படை பக்தாதைச் சுற்றி முற்றுகையைத் தொடங்குகிறது. ஹூலாகு, செங்கிஸ்கானின் பேரன். அப்போது பேரரசராக இருந்த மொங்கே கானின் தம்பி. இரண்டு வருடங்களுக்கு முன் பாரசீக மலைகளில் இருந்த அலாமுத் கோட்டையைப் பிடித்துவிட்டு வந்திருந்தார். படையில் மொங்கோலியர் மட்டும் இல்லை. ஜோர்ஜியர், ஆர்மீனியர் இருந்தார்கள். மதிலை உடைக்கும் பொறிகளை இயக்கச் சீனத்து ஆட்கள் இருந்தார்கள்.

பக்தாத் 762இல் அப்பாசியக் கலீபா அல் மன்சூர் கட்டுவித்த நகரம். 1258இல் கலீபாவாக இருந்தவர் அல் முஸ்தஸிம். சரணடையச் சொல்லி ஹூலாகு அனுப்பிய கடிதத்தை அவர் ஏற்கவில்லை. சண்டைக்கும் ஒழுங்காக ஆயத்தமாகவில்லை. பெப்ரவரி 10 அன்று நகரம் சரணடைந்தது. அதற்குப் பிறகு நாட்கணக்கில் கொள்ளையும் கொலையும் நடந்தன. கலீபாவும் கொல்லப்பட்டார். அரச இரத்தம் மண்ணில் சிந்தக்கூடாது என்ற மொங்கோலிய வழக்கப்படி, அவரைக் கம்பளத்தில் சுற்றிக் குதிரைகளால் மிதிக்கவைத்தார்கள் என்பது பரவலாகச் சொல்லப்படும் கதை.

எத்தனை பேர் செத்தார்கள்? நான்கு வருடம் கழித்து, 1262இல், பிரான்ஸ் அரசர் ஒன்பதாம் லூயிக்கு எழுதிய கடிதத்தில் ஹூலாகுவே 200,000க்கு மேல் என்கிறார். பின்னால் வந்த எழுத்தாளர்கள் அதைவிடப் பல மடங்கு சொன்னார்கள். கொன்றவர் பெருமைக்காகக் கூட்டிச் சொல்லியிருக்கலாம், இழந்தவர்கள் துயரத்தில் கூட்டிச் சொல்லியிருக்கலாம். எண் எதுவாக இருந்தாலும், ஒரு நகரத்தையே கொன்றிருக்கிறார்கள்.

புத்தகங்களின் கதையும் அப்படித்தான். ஆற்றில் வீசிய புத்தகங்களின் மையால் தைகிரிஸ் நதி கறுத்து ஓடியது என்று நாங்கள் எல்லாரும் வாசித்திருக்கிறோம். அது பின்னால் வந்தவர்கள் சொன்னது. நூலகங்கள் சூறையாடப்பட்டது உண்மை. நூலகம் அழிந்தால் எப்படியிருக்கும் எண்டு எங்கட சனத்துக்கு ஆரும் விளங்கப்படுத்தத் தேவையில்லை. ஆனால் எல்லாம் அழிந்துவிடவில்லை என்பதும் உண்மை. ஹூலாகுவோடு இருந்த பாரசீக அறிஞர் நசிருத்தீன் தூஸி ஏராளமான நூல்களை மீட்டு மராகா நகரத்துக்குக் கொண்டுபோனார். அடுத்த ஆண்டு அங்கே ஒரு வானியல் ஆய்வுகூடம் கட்டத் தொடங்கினார்கள். பக்தாதின் முஸ்தன்சிரிய்யா கல்லூரி தொடர்ந்து நடந்தது, அதன் கட்டடம் இன்றும் நிற்கிறது. கலீபாவின் அரண்மனையில் இருந்த யாகூத் என்ற எழுத்தணிக் கலைஞர், கொள்ளை நடந்த நாட்களில் ஒரு மினாராவுக்குள் ஒளிந்திருந்து, கடதாசி இல்லாமல் துணியில் எழுதிப் பழகினார் என்று ஒரு கதை உண்டு. கதை எப்படியோ, அவர் அதற்குப் பிறகு நாற்பது வருடம் உயிரோடு இருந்து ஒரு தலைமுறைக்கே எழுத்துக் கற்பித்தார்.

இப்போது அதே கிழமையில் பல ஆயிரம் கிலோமீற்றர் கிழக்கே போவோம். இன்றைய வியட்நாமின் வடபகுதி. அன்று அதன் பெயர் தாய் வியெத். யுன்னான் பக்கமிருந்து இன்னொரு மொங்கோலியப் படை, உரியங்கதாய் என்ற தளபதியின் கீழ் அங்கே இறங்கி, தலைநகரான தாங் லோங்கை, அதாவது இன்றைய ஹனோயை, பிடித்துவிட்டது. ஆனால் பிடித்த நகரத்தில் ஆட்களும் இல்லை, அரிசியும் இல்லை. அரசர் திரான் தாய் தொங் சனத்தோடும் சாமானோடும் முன்கூட்டியே வெளியேறிவிட்டார். வந்தவர்கள் பசியிலும் வெக்கையிலும் தளர்ந்த நேரம் பார்த்து, ஜனவரி 28, 29 வாக்கில், செந்நதி வழியாகத் திரும்பி வந்து அடித்தார். மொங்கோலியர் பின்வாங்கினார்கள்.

பக்தாத் முற்றுகை தொடங்கியதும் தாங் லோங் மீட்கப்பட்டதும் கிட்டத்தட்ட ஒரே நாளில். எங்களுடைய கொப்பிகளில் ஒன்றுதான் இருந்தது, மற்றது இருக்கவேயில்லை. மொங்கோலியரைத் தடுக்கவே முடியவில்லை என்று எழுதித்தான் நாங்கள் மாக்ஸ் எடுத்தோம். அந்த வசனத்தை எழுதிய எவருமே வியட்நாமுக்குள் எட்டிப் பார்க்கவில்லை.

அதே ஆண்டில் மொங்கே கான் தானே படையோடு தெற்குச் சீனாவின் சொங் அரசுக்கு எதிராகப் புறப்பட்டார். 1259இல் அந்தப் போரிலேயே இறந்துபோனார். செய்தி கேட்டு ஹூலாகு பெரும்படையோடு பின்வாங்க, எஞ்சியிருந்த சிறு படையை 1260இல் அய்ன் ஜாலூத் என்ற இடத்தில் எகிப்தின் மம்லூக்குகள் தோற்கடித்தார்கள். சீனத்துக் கோட்டையொன்றின் அடியில் நடந்த ஒரு சாவு பாலஸ்தீனத்தில் ஒரு போரின் முடிவை மாற்றியிருக்கிறது.

அந்த ஆண்டில் எழுதப்பட்ட ஒரு புத்தகம்

பக்தாத் எரிந்த அதே 1258இல், பாரசீகத்தின் ஷிராஸ் நகரத்தில் சஅதி என்ற கவிஞர் 'குலிஸ்தான்' என்ற நூலை எழுதி முடிக்கிறார். பெயருக்கு அர்த்தம் பூந்தோட்டம். அரசர்கள், துறவிகள், இளமை, முதுமை, கல்வி என்று சின்னச் சின்னக் கதைகளும் கவிதையுமாக இருக்கும். பிறகு நூற்றாண்டுக் கணக்கில் பாரசீகம் படித்தவர்களுக்கு, இந்தியா உட்பட, அது பாடப்புத்தகமாக இருந்தது.

முதலில் எங்களுக்குக் கொஞ்சம் கோபம்கூட வந்தது. இந்த நேரத்திலயா பூந்தோட்டம்? பிறகுதான் தெரிந்தது, பக்தாதுக்கும் கலீபாவுக்கும் அரபியில் இரங்கல் பாடியவரும் அதே சஅதிதான். ஷிராசின் ஆட்சியாளர்கள் மொங்கோலியருக்குக் கப்பம் கட்டி ஊரைக் காப்பாற்றி வைத்திருந்தார்கள். அந்தக் காப்பாற்றப்பட்ட ஊரில் இருந்துகொண்டு ஒருவர் இரங்கல் பாட்டும் எழுதினார், தோட்டமும் போட்டார். ஓர் ஆண்டுக்குப் 'பேரழிவு ஆண்டு' என்று பெயர் வைத்துவிட்டால் இந்த இரண்டாவது வேலை கண்ணில் படாமல் போய்விடும்.

லண்டனில் பசி, ஒக்ஸ்போர்டில் ஒரு கூட்டம்

இங்கிலாந்தில் அப்போது மூன்றாம் ஹென்றியின் ஆட்சி. தன் இளைய மகன் எட்மண்டுக்கு சிசிலி நாட்டு முடியை வாங்கித் தருவதாகப் பாப்பரசரோடு ஓர் ஒப்பந்தம் செய்து, 135,000 மார்க்குக்கு மேல் கடனில் மாட்டியிருந்தார். சிசிலியோ அவருடைய கையில் இல்லை. 1258 ஓகஸ்டில் மன்ஃபிரெட் என்பவர் பலெர்மோவில் அந்த முடியைத் தானே சூடிக்கொண்டார்.

அந்த நேரத்தில்தான் பஞ்சம். சென் அல்பன்ஸ் மடத்துத் துறவி மத்தேயு பாரிஸ் தன் நாளாகமத்தில் எழுதி வைத்திருக்கிறார்: இளவேனில் வந்த பிறகும் வடக்குக் காற்று நிற்கவில்லை, பயிர் முளைக்கவில்லை, தானிய விலை ஏறியது, லண்டனில் மட்டும் 15,000 பேர் செத்தார்கள். அந்த எண்ணையும் நாங்கள் கொஞ்சம் சந்தேகத்தோடுதான் வாசித்தோம். ஆனால் லண்டனின் ஸ்பிட்டல்ஃபீல்ட்ஸ் பகுதியில், பழைய மருத்துவமனை மடம் ஒன்றின் இடுகாட்டைத் தோண்டியபோது 10,000க்கும் மேற்பட்ட எலும்புக்கூடுகள் வந்தன. அவற்றில் பல, குழிகளில் ஒன்றின் மேல் ஒன்றாக அடுக்கப்பட்டிருந்தன. 1348இல் வந்த கொள்ளை நோயில் செத்தவர்கள் என்றுதான் முதலில் நினைத்தார்கள். கரிமக் காலக்கணிப்பு ஏறக்குறைய நூறு வருடம் முந்திய காலத்தைக் காட்டியது.

கடனும் பஞ்சமும் சேர்ந்து அழுத்தியபோது பிரபுக்கள் பொறுக்கவில்லை. ஏப்ரலில் கவசத்தோடு அரசரிடம் போனார்கள். ஜூனில் ஒக்ஸ்போர்டில் கூடினார்கள். அரசர் இனித் தன் விருப்பத்துக்கு ஆள முடியாது, 15 பேர் கொண்ட ஓர் அவையின் ஆலோசனையோடுதான் ஆளவேண்டும், வருடத்துக்கு மூன்று தரம் பாராளுமன்றம் கூடவேண்டும் என்று முடிவானது. 'ஒக்ஸ்போர்ட் ஏற்பாடுகள்' என்று இதைச் சொல்வார்கள்.

எங்களை நிறுத்தியது அதற்குப் பிறகு வந்த சின்ன விஷயம். ஒக்டோபரில் இந்த ஏற்பாட்டை அரசர் ஏற்றுக்கொண்டதாக அறிவிப்பு ஒன்று எல்லா மாவட்டங்களுக்கும் போனது. பிரெஞ்சில் மட்டும் இல்லை, ஆங்கிலத்திலும். நம்பக் கஷ்டமாயிருக்கும், ஆனால் 1066இல் நோர்மன்கள் இங்கிலாந்தைப் பிடித்த பிறகு, தொடக்க வருடங்களைத் தவிர்த்தால், அந்த நாட்டு அரசு அந்த நாட்டு மக்களுக்கு அவர்களுடைய மொழியிலேயே விட்ட முதல் அறிவிப்பு அது. கிட்டத்தட்ட இருநூறு வருடம் ஆங்கிலேயருக்கு ஆங்கிலத்தில் அரச கடிதம் இல்லை. தனக்கு விளங்காத மொழியில் வந்த படிவத்தோடு கந்தோர் வாசலில் நின்ற அனுபவம் இருக்கிறவர்களுக்கு இதன் பாரம் தெரியும்.

ஆனால் ஒரு கடிதத்தோடு எல்லாம் மாறிவிடவில்லை. 1261இல் பாப்பரசர் ஒக்ஸ்போர்ட் ஏற்பாடுகளை இரத்துச் செய்தார். பிரபுக்களின் தலைவராக எழுந்த சைமன் டி மொன்போர்ட் 1265இல் போரில் கொல்லப்பட்டார். நீதிமன்றங்களில் ஆங்கிலத்தில் வாதாடலாம் என்று சட்டம் வர 1362 ஆனது.

வானத்தில் என்ன நடந்தது?

அதே 1258இல் யப்பானில் பெரும் புயல். அதற்கு முதல் வருடம் காமகுராவில் பெரிய நிலநடுக்கம். 1259இல் பஞ்சம், தொடர்ந்து நோய். இதையெல்லாம் கண்ட நிச்சிரென் என்ற பௌத்தத் துறவி, நாடு தவறான போதனைகளின் பின்னால் போனதுதான் காரணம் என்று வாதாடி 1260இல் ஆட்சியாளருக்கு ஒரு நூலே எழுதிக் கொடுத்தார்.

இங்கிலாந்தில் வடக்குக் காற்று. யப்பானில் புயலும் பஞ்சமும். ஒருவரை ஒருவர் கேள்விப்பட்டே இராத இரண்டு துறவிகள் கிட்டத்தட்ட ஒரே காலத்தில் கெட்டுப்போன பருவத்தைப் பற்றி எழுதுகிறார்கள்.

இதற்குப் பதில் பனியில் இருந்தது. கிரீன்லாந்திலும் அந்தாட்டிக்காவிலும் வருடாவருடம் விழுந்து இறுகிய பனியைத் துளைத்து எடுத்த விஞ்ஞானிகள், 1258, 1259 வாக்கிலான படையில் எரிமலைக் கந்தகம் மிக அதிகமாக இருப்பதைக் கண்டார்கள். இரண்டு துருவத்திலும் இருக்கிறதென்றால் வெடித்தது பூமத்திய ரேகைக்குக் கிட்ட உள்ள பெரிய எரிமலை. ஆனால் எது? பல வருடம் அது ஒரு புதிராகவே இருந்தது.

2013இல்தான் விடை வந்தது. இந்தோனேசியாவின் லொம்பொக் தீவில் இருந்த சமாலாஸ் எரிமலை. 1257இல் அது வெடித்ததில் மலையின் தலையே இல்லாமல் போய், இன்று அந்த இடத்தில் ஏரி ஒன்று கிடக்கிறது. கடந்த சில ஆயிரம் வருடங்களின் மிகப்பெரிய வெடிப்புகளில் இதுவும் ஒன்று. வெயிலை மறைத்த கந்தகத் துகள்கள் உலகம் முழுக்கப் பரவின.

இதைக் கண்டுபிடிக்க பனியும், சாம்பலும், எரிந்த மரக்கரியும் உதவின. இன்னொன்றும் உதவியது: 'பாபாட் லொம்பொக்' என்ற சுவடி. பழைய ஜாவா மொழியில் பனையோலையில் எழுதப்பட்டது. மலை இடிந்ததையும், பமதான் என்ற நகரம் புதைந்ததையும், சனம் ஓடியதையும் அது சொல்கிறது. கதை, புராணம் என்று விட்டிருக்கக்கூடிய ஓலை. எங்கட முற்றத்தில நிக்கிற அதே பனையின்ர ஓலை.

இங்கே நாங்கள் அவசரப்படக்கூடாது. லண்டன் பஞ்சத்துக்கு எரிமலை மட்டும் காரணம் என்று சொல்ல முடியாது. அதற்கு முதல் இரண்டு வருட அறுவடையும் சரியில்லை. அரசரின் வரி வேறு. யப்பானின் நிலநடுக்கத்துக்கும் லொம்பொக்குக்கும் தொடர்பே இல்லை. எரிமலை பருவத்தைக் கெடுத்தது. ஆனால் ஏற்கெனவே வறுமையில் இருந்தவர்கள்தான் குழிக்குள் போனார்கள். குளிர் எல்லார் வீட்டுக் கதவையும் தட்டியிருக்கும், பசி எல்லார் வீட்டுக்கும் போகவில்லை.

நமது கடல்

கடைசியாக நமது பக்கம். முதலாம் சடையவர்மன் சுந்தரபாண்டியன் 1251இல் மதுரையில் ஆட்சிக்கு வந்தவர். 1258 வாக்கில் அவருடைய கை இலங்கை வரை நீண்டது. அப்போது இங்கே வடக்கில் இன்னொருவர் இருந்தார்: சந்திரபானு. மலாயத் தீபகற்பத்தின் தம்பிரலிங்க நாட்டிலிருந்து, இன்றைய தென் தாய்லாந்திலிருந்து, 1247இல் படையோடு வந்தவர். தமிழில் அவர் சாவகன். சாவகச்சேரி என்ற பெயருக்கும் இந்தச் சாவகர்களுக்கும் தொடர்பு உண்டு என்று பலர் கருதுகிறார்கள்.

சந்திரபானுவின் முடிவு பற்றி இரண்டு சாட்சிகள் இருக்கின்றன. சூளவம்சம், தம்பதெனிய இளவரசர்கள் யாப்பகுவையில் அவரைத் தோற்கடித்தார்கள் என்கிறது. பாண்டியர் உதவியது பற்றி அதில் ஒரு சொல் இல்லை. புதுக்கோட்டைப் பக்கம் குடுமியான்மலையில் உள்ள வீரபாண்டியனின் கல்வெட்டு, சாவகனை வென்றது தாங்கள் என்றும், கோணமலையில் கயல் பொறித்தோம் என்றும் சொல்கிறது. திருகோணமலை பிரெட்ரிக் கோட்டை வாசலில் இரட்டைக் கயல் இன்றும் இருக்கிறது. போகிறவர்கள் நின்று பாருங்கள்.

இரண்டு சாட்சியில் ஒன்றை மட்டும் படித்து வளர்ந்த பிள்ளைக்கு ஒரு வரலாறு. மற்றதை மட்டும் படித்து வளர்ந்த பிள்ளைக்கு வேறு வரலாறு. இருவரும் பிறகு சந்திக்கும்போது, ஆளாளுக்கு மற்றவர் பொய் சொல்கிறார் என்று நினைக்கிறார்கள். அது எங்கே கொண்டுபோய் விடும் என்று இந்த நாட்டில் யாருக்கும் சொல்லத் தேவையில்லை.

1258 எங்களுக்குக் கற்றுத் தந்தது இவ்வளவுதான். மத்தேயு பாரிஸ் பொய் எழுதவில்லை, ஆனால் தன் மழை ஏன் கெட்டது என்று அவருக்குத் தெரியாது. அது தெரிவதற்கு லண்டன் குழியும், கிரீன்லாந்துப் பனியும், லொம்பொக் ஓலையும் ஒன்றாகச் சேர வேண்டியிருந்தது. அதற்கு 750 வருடத்துக்கு மேல் எடுத்தது. அந்த ஓலையை ஆரோ ஒரு வீட்டுக்காரர் 'பழசு' எண்டு அடுப்பில போட்டிருந்தா?

நீங்களும் ஓர் ஆண்டை எடுத்துச் செய்து பாருங்கள். இரண்டு கொப்பியாவது பக்கத்தில் விரித்திருக்க வேண்டும், அதில் ஒன்று உங்களுடையதாக இருக்கக்கூடாது. அதோடு, வீட்டில் அம்மம்மாவின் பெட்டிக்குள் ஓலையோ, பழைய உறுதியோ, கடிதமோ கிடந்தால் எறிய முதல் ஒரு படமாவது எடுத்து வையுங்கள். வாசிக்கத் தெரிந்தவர்களைப் பிறகு தேடலாம்.